ஆற்றை இரண்டு முறை கடக்கும் சாலை

நமது வழித்தடத்தில் புதிதாகச் சேர்ந்திருக்கும் சாரதித் தம்பிமாருக்கு நான் ஏதாவது சொல்ல வேண்டும் என்று சங்கத்தில் கேட்டார்கள். கூட்டத்தில் எழுந்து நின்று பேச எனக்கு வராது. எழுதித் தருகிறேன் என்று சொல்லித் தப்பித்துக்கொண்டேன். நான் படித்தது ஐந்தாம் வகுப்புவரை. பிழை இருந்தால் அச்சடிக்கிறவர்கள் திருத்திக்கொள்ளட்டும்.

எஞ்சினைப் பற்றியோ டயரைப் பற்றியோ எழுதப் போவதில்லை. அதையெல்லாம் வண்டியே உங்களுக்குக் கற்றுக்கொடுக்கும். நீங்கள் தினமும் கடக்கப் போகிற ஒரு சின்ன ஆற்றைப் பற்றித்தான் எழுதுகிறேன். வரைபடத்தில் அதற்கு ஏதோ பெயர் இருக்கிறது. நாங்கள் சின்ன ஓயா என்றுதான் சொல்லுவோம்.

லுணுகலைக்கு மேலே ஒரு தோட்டத்தில், மேல்கணக்கு லயத்து வீடுகளுக்குப் பின்னால் ஒரு பீலி இருக்கிறது. பெண்கள் குடம் வைத்துத் தண்ணீர் பிடிக்கிற அந்தப் பீலியில் வழிந்தோடும் மிச்சத் தண்ணீர்தான் சின்ன ஓயாவின் தொடக்கம். தேயிலைக்கு நடுவே வெறும் கானாக, ஓரடி வாய்க்காலாக இறங்கும். தொழிற்சாலைக்குக் கீழே வேறு இரண்டு மூன்று கான்கள் வந்து சேர்ந்ததும் அதற்குச் சத்தம் வந்துவிடும். பிறகு மானாப்புல் சரிவில் பாறைக்குப் பாறை குதித்து, நம் சாலைக்கு அடியில் ஒரு மதகில் நுழைந்து, அடிவாரம்வரை வண்டிக்குப் பக்கத்திலேயே வரும்.

அடிவாரத்தைத் தாண்டினால் ஆளே மாறிவிடும். கீழே தரை சமம். ஓட்டம் அடங்கிவிடுகிறது. வயல்களைச் சுற்றி, தோடம்பழத் தோட்டங்களைச் சுற்றி, ஓரிடத்தில் வந்த திசைக்கே திரும்பிப் போய், மறுபடி மனம் மாறிக் கிழக்கே வருகிறது. சாலை நேராகப் போகிற தூரத்துக்கு ஆறு இரண்டு மடங்குக்கு மேல் சுற்றுகிறது. இரு கரையிலும் மருத மரங்கள். வெயில் காலத்தில் பெரும்பாலும் மணல்தான். கணுக்கால் நனையக் கடந்துவிடலாம். அதற்கப்புறம் ஒரு பெரிய ஆற்றில் விழுந்து கிழக்குக் கடலுக்குப் போகிறது என்பார்கள். அதை நான் பார்த்ததில்லை.

மலையில் வளர்ந்த நம்மிடம் ஆறுகளைப் பற்றி ஒரு கணக்கு இருக்கிறது. மழை தலைக்கு மேலே கொட்டினால் கான் பொங்கும். மழை விட்டால், ஒரு வெற்றிலை போட்டுத் துப்புவதற்குள் வடிந்துவிடும். லுணுகலைச் சாலையில் தண்ணீர் குறுக்கே ஓடினால் நாம் வண்டியை ஓரம் கட்டிப் பொறுத்திருந்து போவது அந்தக் கணக்கில்தான். மலைக்கு அது சரி. கீழே ஆறு பொங்கும்போது தலைக்கு மேலே வெயில் அடிக்கும். வடிவதற்கு மறுநாள் ஆகும்.

சமதரையில் நமது கிளைச் சாலை சின்ன ஓயாவை ஒரு சப்பாத்துப் பாலத்தில் கடக்கிறது. தூண்கள் இல்லாமல், ஆற்றோடு படிந்து கிடக்கிற கொங்கிரீட் பாலம். பக்கச் சுவர் கிடையாது. வெள்ளை அடித்த சின்னக் கட்டைகள் மட்டும் வரிசையாக நிற்கும். பாலத்துக்கு இந்தப் பக்கம் பெரிய மருத மரங்கள் நிற்கும் திட்டு. நல்ல நிழல், சுத்தமான மணல். அந்தத் திட்டுக்கும் முன்னால், நாம் வருகிற பக்கத்தில், சாலை ஒரு பள்ளத்தில் இறங்கி ஏறும். பள்ளத்தில் தண்ணீர் இருக்காது. ஸ்டியரிங்கில் அது ஒரு குலுக்கல், அவ்வளவுதான். அந்தப் பள்ளத்தைக் கடப்பதற்கு முன்பு, மேட்டில், வெயிலில் ஒரு சோளக்கடை உண்டு.

அந்த வழியில் நான் ஓட ஆரம்பித்த புதிதில், சோளம் அவித்து விற்கிற சிங்கள அக்காவிடம் ஒரு நாள் கேட்டேன். எல்லா வண்டியும் மர நிழலில்தான் நிற்கிறது, கடையை அங்கே போட்டால் வியாபாரம் கூடுமே என்றேன். அவள் பள்ளத்தைக் கையால் காட்டி, தம்பி என்று என்னைக் கூப்பிட்டுச் சிங்களத்தில் சொன்னாள்.

"நடுவுல ஆறு போகுதே மல்லி."

அப்போது மாசக்கணக்கில் மழை இல்லை. பள்ளத்தில் ஒரு மாடு படுத்திருந்தது. கேலி செய்கிறாள் என்று நினைத்தேன். அவள் சிரிக்கவில்லை. அன்றைக்கே வண்டியை நிறுத்திவிட்டு அந்தப் பள்ளத்தோடு நடந்து பார்த்தேன். காலுக்கடியில் ஆற்று மணல், உருண்டைக் கல், நத்தை ஓடு. இரண்டு ஓரத்திலும் மருத மரங்கள் கரை கட்டி நின்றன. மேலே போனால் பள்ளம் ஆற்றின் ஒரு வளைவில் போய் முட்டியது. கீழே போனால் மறுபடி ஆற்றில் சேர்ந்தது. ஆறு எப்போதோ ஓடி, விட்டுவிட்டுப் போன பாதை அது. அது விட்டுப்போனதாக நாம்தான் நினைக்கிறோம். அக்காவின் பேச்சில் ஆறு இன்னும் அங்கே போய்க்கொண்டிருந்தது. நமது சாலை சின்ன ஓயாவை ஒரு முறை கடக்கவில்லை, இரண்டு முறை கடக்கிறது என்று அன்றைக்குத்தான் எனக்குத் தெரிந்தது. ஆனாலும் பல வருஷம் அந்தப் பள்ளத்தில் ஒரு சொட்டு ஓடி நான் பார்த்ததில்லை.

இனி நடந்ததைச் சொல்கிறேன்.

ஐப்பசியில் ஒரு கல்யாண ஸ்பெஷல். பெண் லுணுகலைக்கு மேலே உள்ள தோட்டம். மாப்பிள்ளை கீழ்ப்பக்கத்து ரப்பர் தோட்டம். மறுநாள் காலையில் தாலி, முதல் நாள் விளக்கு வைக்கிற நேரத்தில் பெண் அழைப்பு. மத்தியானம் புறப்பட்டால் தாராளமாகப் போய்விடலாம். பஸ் நிறைய ஆட்கள், சீர்ப் பெட்டிகள், கூரையில் பாய் தலையணைக் கட்டு, எலுமிச்சைச் சோற்று அண்டா. நடத்துநர் மணி வாய் ஓயாத பையன். பெண்ணின் அப்பா மலையில் விழுந்து ஒடிந்த கால் ஒழுங்காகக் கூடாமல் விந்தி நடப்பார். எல்லாவற்றையும் நடத்தியது தாய்மாமன். அவர் தோட்டத்தில் கங்காணி. காலையில் ஆள் கணக்கெடுக்கிற பெரட்டுக்களத்தில் அவர் பெயர் கூப்பிட்டால் அடுத்த மலையில் இருக்கிறவர்களும் திரும்பிப் பார்ப்பார்கள். அப்படி ஒரு குரல்.

லுணுகலையில் நாங்கள் புறப்படும்போதே மழை பிடித்துக்கொண்டது. துடைப்பான் தள்ளத் தள்ளக் கண்ணாடியில் தண்ணீர் நின்றது. சாலையோரக் கோயிலில் வண்டியை நிறுத்தச் சொன்னார் மாமா. குடையோடு இறங்கித் தேங்காய் உடைத்து, சக்கரத்துக்கு எலுமிச்சம்பழம் வைத்தார்கள். சூடம் மழையில் பிடிக்காமல் பிடிக்காமல் ஒரு வழியாகப் பிடித்தது. அது பிடிக்காமல் வண்டியை எடுக்க விடமாட்டார்கள். அடிவாரத்துக்கு வந்ததும் பளிச்சென்று வெயில். பெண்கள் ஜன்னலைத் திறந்து ஈர முந்தானையை உலர்த்தினார்கள். பாட்டு ஆரம்பித்தது. எல்லோருக்கும் மழை பின்னால் போய்விட்டது. எனக்கு மட்டும் அது பக்கத்தில் வந்துகொண்டிருந்தது. நாங்கள் சாலையில் வருகிறோம், அதே மழை ஆற்றில் வருகிறது. ஆறு சுற்றி வருவதால் நாங்கள் முந்திவிடலாம். ஆனால் கோயிலில் நின்ற நேரத்தை அது எடுத்துக்கொண்டிருக்கும்.

பள்ளத்தில் இறங்கி ஏறும்போது எட்டிப் பார்த்தேன். காய்ந்துதான் இருந்தது. சப்பாத்துப் பாலத்தில் தண்ணீர் மேலேறி ஓடிக்கொண்டிருந்தது. ஆழம் கணுக்கால்தான். ஆனால் நிறம் சிவந்துவிட்டது. நுரை, தேயிலைக் கவ்வாத்துச் சுள்ளி, பச்சை இலை எல்லாம் வந்தன. ஓட்டம் வந்து மோதும் மேல்பக்க வெள்ளைக் கட்டைகளில் பாதி தெரியவில்லை. எங்கள் கண் முன்னாலேயே ஒரு மோட்டார் சைக்கிள் தண்ணீரைக் கிழித்துக்கொண்டு அக்கரை போய்விட்டது.

"என்னங்க டிரைவர் தம்பி, பைக்கே போகுது" என்றார் மாமா.

பைக் வழுக்கினால் ஒருவர் விழுவார், இது பஸ் என்று சொல்ல நினைத்தேன். வாயில் வந்தது, "வேணாங்க" என்ற ஒரு சொல்தான். எஞ்சினை நிறுத்திவிட்டேன். சாவி என் கையில் இருந்ததால் அந்தச் சொல்லே போதுமாயிற்று.

மாமா கோபப்படவில்லை. வெற்றிலைப் பையைத் திறந்தார். "சரி, மழ விட்டிருச்சு. வெத்தல போட்டுத் துப்புறதுக்குள்ள வடிஞ்சிரும். எல்லாரும் எறங்கி சோத்தத் தின்னுங்க." நிழலில் பாயை விரித்தார்கள். அண்டா இறங்கியது. மணி எல்லோருக்கும் முன்னால் இலையோடு உட்கார்ந்துவிட்டான். கல்யாணத்துக்குப் போகிற சனம் வழியில் கிடைத்த நல்ல இடத்தில் உட்கார்ந்து சிரித்துச் சாப்பிடுகிறது. பார்க்க நன்றாகத்தான் இருந்தது. பெண் மட்டும் இறங்கவில்லை. நலங்கு வைத்த பெண் ஆற்றங்கரையில் கால் வைக்கக் கூடாது என்று அவளுடைய பெரியம்மாவின் உத்தரவு. அவளுக்குச் சோறு ஜன்னல் வழியாகப் போயிற்று.

நான் ஒதுங்குவதற்காக நடந்தேன். கூச்சக்காரன் என்பதால் தூரமாகப் போனேன். பள்ளத்துக்கே வந்துவிட்டேன். வந்த வேலையை மறந்து நின்றேன். மணலின் நிறம் மாறியிருந்தது. துணியில் தண்ணீர் ஊறுவது போல ஊறிக்கொண்டிருந்தது. எறும்புகள் வரிசையாக மரத்தில் ஏறிக்கொண்டிருந்தன. பார்த்துக்கொண்டிருக்கும்போதே மேல்பக்கத்திலிருந்து காய்ந்த சருகைத் தள்ளிக்கொண்டு ஒரு நாக்கு மாதிரித் தண்ணீர் மெதுவாக வந்து என் செருப்பைச் சுற்றியது. சத்தமே இல்லை. ஆறு தன் பழைய வழியில் வந்துகொண்டிருந்தது. எங்களுக்கு முன்னாலும் தண்ணீர், பின்னாலும் தண்ணீர். நடுவில் சின்னப்பிள்ளைகளோடு சனம் சோறு தின்றுகொண்டிருந்தது.

ஓடி வந்தேன். மாமா பத்துப் பேரைச் சுற்றி உட்கார வைத்து ஏதோ பழைய கதையைச் சொல்லிக்கொண்டிருந்தார். அவர் காதருகில் போய், பின்னால் தண்ணீர் வருகிறது, எல்லோரும் ஏற வேண்டும் என்றேன். அவர் பாதித் திரும்பி, ஆறு முன்னால் இருக்கிறது, நீங்கள் பின்னால் பார்த்துப் பயப்படுகிறீர்களே என்றார். கூட்டம் சிரித்தது. மறுபடி சொன்னேன். கதை மறுபடி தொடங்கிவிட்டது. மணியிடம் போனேன். "அண்ணே, ஒரு வாய் தின்னுட்டு வர்றேன்" என்றான். அவன் சொன்னது நியாயம்தான். வெயில் அடிக்கிறது, ஆறு எங்கே இருக்க வேண்டுமோ அங்கே இருக்கிறது, சோறு இலையில் இருக்கிறது.

வேறு ஒருவர் என்றால் கத்தியிருப்பார். எனக்குக் கத்த வராது. கத்தினாலும் அத்தனை பேருக்கும் விளக்கி முடிப்பதற்குள் பள்ளம் நிரம்பியிருக்கும். நான் போய் ஆசனத்தில் ஏறினேன். எஞ்சினைப் போட்டேன். திட்டிலேயே வண்டியைத் திருப்பி, வந்த வழியே எடுத்துக்கொண்டு போனேன். உள்ளே பெண் ஒருத்திதான் இருந்தாள்.

"அண்ணே, எல்லாரும் கீழ நிக்கிறாங்க."

"வருவாங்கம்மா. உங்கள விட்டுட்டு ஒருத்தரும் நிக்க மாட்டாங்க."

பின்னால் மாமாவின் குரல் கேட்டது. "பொண்ணத் தூக்கிட்டுப் போறான், புடிங்கடா." பள்ளத்தில் சக்கரம் தண்ணீரைச் சிதறடித்தது. அப்போதுதான் அவளும் ஜன்னல் வழியாகப் பார்த்தாள். நான் சொல்லாமலே புரிந்துகொண்டாள். கையில் இருந்த சோற்றை வைத்துவிட்டு, "சொல்லிட்டு எடுத்திருக்கலாமே" என்றாள்.

"சொன்னேன்மா."

"மெதுவாச் சொல்லியிருப்பீங்க."

சோளக்கடை மேட்டில் வண்டியை நிறுத்தினேன். முதலில் ஓடி வந்தவர் மாமாதான். வேட்டியை மடித்துக்கொண்டு, வெற்றிலை வாயோடு, என்னை அடிக்கத்தான் வந்தார். பள்ளத்தில் கால் வைத்ததும் நின்றார். தண்ணீர் அவர் கணுக்காலைத் தாண்டியிருந்தது. மேல்பக்கம் பார்த்தார். சிவப்பாக வருவதைப் பார்த்தார். வெற்றிலையைத் துப்பினார். என் பக்கம் வரவில்லை. அங்கேயே திரும்பி நின்று, பெரட்டுக்களத்துக் குரலில் ஒரு சத்தம் போட்டார்.

"பாய் சட்டியெல்லாம் போட்டுட்டு வா. புள்ளயத் தூக்கு. ஓடியா."

பெண்ணும் ஜன்னலில் பாதி உடம்பை வெளியே நீட்டி அப்பா, அப்பா என்று கூப்பிட்டாள். வேடிக்கையாக ஓடி வந்த சனம் அந்த இரண்டு குரலையும் கேட்டதும் நிஜமாகவே ஓடி வந்தது. நான் கூரைக்குப் போடுகிற கயிற்றை எடுத்து வண்டியின் பின் கொக்கியில் கட்டி, மறுமுனையோடு பள்ளத்தில் இறங்கினேன். மாமா நடுவில் நின்று ஒவ்வொருவராகக் கயிற்றில் பிடிக்க வைத்தார். குழந்தைகள் கை மாறி வந்தார்கள். முதலில் வந்தவர்களுக்கு முழங்காலுக்குக் கீழே இருந்த தண்ணீர், கடைசியில் இடுப்புக்கு வந்துவிட்டது. அந்தக் கடைசி ஆள் பெண்ணின் அப்பா. விந்தின காலோடு அவரால் ஓட முடியவில்லை. திட்டின் ஓரத்தில் நின்றுகொண்டு, என்னை விடுங்கள், பெண்ணைக் கூட்டிக்கொண்டு போங்கள் என்றார்.

"நீங்க இல்லாம தாரவாக்கிறது யாரு, ஒங்க அப்பனா?" என்றார் மாமா. மணி அவரைத் தோளில் தூக்கினான். மாமா ஒரு பக்கம், நான் ஒரு பக்கம். நடுவில் ஒரு மரக்கிளை வந்து மணியின் இடுப்பில் மோதியது. அவன் சாய்ந்தான். ஒரு நொடி நாலு பேரும் ஒரே கயிற்றில் தொங்கினோம். மேட்டில் நின்ற பெண்கள் சொல்லாமலே கயிற்றைப் பிடித்து இழுத்தார்கள். தினமும் கொழுந்துக் கூடை தூக்குகிற கைகள். கரையில் வந்து விழுந்தோம்.

கொஞ்ச நேரத்தில் திட்டில் விரித்த பாய்கள் மிதந்து போயின. அண்டாவும் எலுமிச்சைச் சோற்றோடு போயிற்று. மருத மரங்கள் தண்ணீருக்குள் நின்றன. வெயில் அப்போதும் அடித்துக்கொண்டுதான் இருந்தது. பெண்கள் ஈரச் சேலையைப் பிழிந்தார்கள். பிறகு ஒரு பிள்ளை பசிக்கிறது என்றது. சோளக்கார அக்கா அடுப்பை ஊதி, இருந்த சோளம் அத்தனையும் அவித்தாள். மாமா சோளத்தைக் கடித்துக்கொண்டு ஆற்றைப் பார்த்தார், என்னைப் பார்த்தார், மறுபடி ஆற்றைப் பார்த்தார்.

தம்பிமாரே, இதிலிருந்து நான் எடுத்துக்கொண்டதைச் சொல்கிறேன். தண்ணீருக்காகக் காத்திருக்க வேண்டிய நேரம் உங்களுக்கும் வரும். அப்போது எல்லோரும் முன்னால் இருக்கிற ஆற்றைத்தான் பார்ப்பார்கள். வடிந்ததும் முதல் ஆளாகப் போக வேண்டும் என்று ஓரத்தில் கொண்டுபோய் நிறுத்தச் சொல்வார்கள். நீங்கள் பின்னால் திரும்பிப் போகிற வழி திறந்திருக்கிறதா என்று பாருங்கள். அது திறந்திருக்கிற இடத்தில் நின்று காத்திருங்கள். இப்போது உங்கள் எல்லோரிடமும் போன் இருக்கிறது. மேலே மழை பிடித்தால் கீழே வருகிறவனுக்குச் சொல்லுங்கள். அந்தச் சமதரையில் பாதி இடத்தில் சிக்னல் கிடைக்காது, அதனால் அடிவாரத்திலேயே கேட்டுக்கொள்ளுங்கள். காய்ந்த நாளில் ஒரு முறை இறங்கி அந்தப் பள்ளத்தோடு நடந்து பாருங்கள். வண்டியில் இருந்து பார்த்தால் அது வெறும் குலுக்கல்தான்.

இன்னொன்று. உங்களில் என்னைப் போல வாய் எழாதவர்கள் இருப்பீர்கள். அதற்காக இந்தத் தொழில் நமக்கு ஆகாது என்று நினைக்காதீர்கள். குரல் உள்ளவர் பஸ்ஸில் எப்படியும் ஒருவர் இருப்பார். அவர் தன் கண்ணால் பார்க்கிற இடத்துக்கு அவரைக் கொண்டுவந்துவிட்டால் போதும், மிச்சத்தை அவர் பார்த்துக்கொள்வார். ஆனால் பெண்ணைத் தூக்கிக்கொண்டு போவது எல்லாத் தடவையும் சரிவராது.

மறுபடி பெரிய சாலைக்கு ஏறி, பிபிலை வழியாகச் சுற்றி, பெரிய பாலத்தில் கடந்து போனோம். பெண் அழைப்பு நேரம் எப்போதோ தாண்டிவிட்டது. மேளக்காரர்கள் வாசலில் சாய்ந்து தூங்கிக்கொண்டிருந்தார்கள். மாப்பிள்ளையின் சித்தப்பா வேகமாக வந்து ஏன் இவ்வளவு தாமதம் என்று கேட்டார். நான் ஆசனத்திலிருந்து இறங்கி வந்தேன். மாமா முந்திக்கொண்டார்.

"எங்க டிரைவரு பொண்ணத் தூக்கிட்டு ஓடிட்டாருங்க. தொரத்திப் புடிச்சுக் கூட்டியார நேரமாயிருச்சு."

வீடே சிரித்தது. நான் வண்டிக்கு அடியில் எதையோ பார்ப்பது போலக் குனிந்துகொண்டேன். மாமா விடவில்லை. கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு போய்ப் பந்தியில் தன் பக்கத்தில் உட்கார வைத்தார். என் இலையில் அவரே சோறு போட்டார். 

காலையில் தாலி கட்டி முடிந்தது. அப்பாவே தாரை வார்த்தார். சாப்பாடு முடிந்து சனம் ஊர் திரும்ப ஏறியபோது, பெண் மாலையோடு வாசலைத் தாண்டி வந்து என் பக்கத்து ஜன்னலின் கீழே நின்றாள். அழுதிருந்தாள், ஆனாலும் சிரித்தாள்.

"அண்ணே, எல்லாரும் ஏறிட்டாங்களான்னு பாத்துட்டு எடுங்க."

திரும்பிப் பார்த்தேன். அப்பா இருந்தார், மாமா இருந்தார், மணி படியில் நின்றான். எல்லோரும் இருந்தார்கள். அவள் ஒருத்திதான் கீழே நின்றாள். நான் வண்டியை எடுத்தேன்.